ஒலேனாவின் முழங்காலுக்கு நான் எழுதிய கடிதம்

புதிதாக இந்தப் பிசியோதெரபித் தொழிலுக்கு வந்திருக்கும் பிள்ளைகளே, முழங்காலைப் பற்றி உங்களுக்குச் சொல்லித்தர என்னிடம் ஒன்றுமில்லை. நான் படித்த காலத்தில் உண்மை என்று சொன்னதில் பாதியை இப்போது பிழை என்று சொல்லிவிட்டார்கள். வீங்கினால் ஐஸ் வைக்கவா வேண்டாமா என்பதில்கூட நீங்கள் என்னோடு சண்டைக்கு வருகிறீர்கள். வாருங்கள், நான் ஓய்வூதியக்காரி, எனக்கு நேரம் நிறைய இருக்கிறது.

என்னை எழுதச் சொன்னவள் துளசி. நான் விலகிய பிறகு கிளப்பில் என் பையைத் தூக்கிக்கொண்டு அலைகிறவள் அவள்தான். "அன்ரி, நீங்கள் கெட்டிக்காரி எண்டு எங்களுக்குத் தெரியும். அதை விட்டிட்டு, பிழை விட்டதைச் சொல்லுங்கோ" என்றாள். இங்கே பிறந்த பிள்ளைகளுக்கு வாய் கொஞ்சம் நீளம். ஆனால் கேட்டது சரியான கேள்வி. நான் விட்ட பிழைகள் பல. அதில் இரண்டை எழுதுகிறேன். இரண்டும் ஒரே ஆளுக்குச் செய்தவை.

என் பெயர் யோகேஸ்வரி. கிளப்பில் எல்லோருக்கும் யோகா. பிசியோவுக்கு யோகா என்று பெயர் இருந்தால் நோர்வேஜியர் சிரிக்காமல் என்ன செய்வார்கள்? பகலில் ஒஸ்லோவின் தெற்கே நகரசபைக் கிளினிக்கில் வேலை. பின்னேரங்களில் ஹொல்ம்லியாவில் ஒரு பெண்கள் கூடைப்பந்துக் கிளப். அங்கே முதல்நாள், "நீ விளையாடியிருக்கிறாயா?" என்று கேட்டார்கள். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடத்தில் வலைப்பந்து விளையாடிய தைரியத்தில் ஓம் என்று தலையாட்டிவிட்டேன். வலைப்பந்தில் பந்தோடு ஓடக்கூடாது; கூடைப்பந்தில் அதைத் தரையில் தட்டிக்கொண்டே ஓடலாம் என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

ஒலேனா எங்களிடம் வந்தது அவளுடைய நாட்டில் போர் தொடங்கிய பிறகு. உக்ரைன்காரி, முப்பத்தைந்து வயது. பந்தைக் கொண்டுபோய் மற்றவர்களுக்குப் பிரித்துக் கொடுக்கிற இடத்தில் விளையாடுகிறவள். பதினேழு வயதில் சொந்த ஊர்க் கிளப்பில் முதல் ஒப்பந்தம். ஒரு தடவை தேசிய அணி. பிறகு போலந்து, ஹங்கேரி, துருக்கி. துருக்கியில் இடது முழங்காலில் அறுவைச் சிகிச்சை. அது ஆறி ஊருக்குத் திரும்பி இரண்டு பருவம்தான் விளையாடியிருந்தாள், போர் வந்துவிட்டது. இங்கே பியோர்ண்டாலில் ஒரு பாலர் பாடசாலையில் பகல் முழுக்கச் சின்னப் பிள்ளைகளுக்கு மழைச்சப்பாத்து மாட்டிவிட்டு, பின்னேரம் எங்கள் ஹாலுக்கு வருவாள். எங்கள் பிள்ளைகள் பொழுதுபோக்காக விளையாடுகிறவர்கள். அவள் அவர்களுக்கு நடுவில் நின்று பந்தைக் கொடுக்கும்போது, இவ்வளவு பெரிய ஆள் இந்தச் சின்ன ஹாலுக்குள் என்ன செய்கிறாள் என்று எனக்கு மனம் கனக்கும்.

முதல் பிழை அந்த ஆண்டே நடந்தது. ஒரு ஆட்டம் முடிய நாற்பது விநாடி இருந்தது. நாங்கள் ஒரு புள்ளி பின்னால். ஒலேனா மோதி விழுந்தாள். நடுவர் விசில் ஊதி ஆட்டத்தை நிறுத்தினார். அவள் இடது காலை மடித்தபடி தரையில் இருப்பதைக் கண்டதும் நான் பையைத் தூக்கிக்கொண்டு ஒரே ஓட்டம். நடுவர் என்னைக் கூப்பிடவில்லை. விதி உங்களுக்குத் தெரியும்: பிசியோ உள்ளே கால் வைத்தால் அந்த ஆட்டக்காரி வெளியே போகத்தான் வேண்டும். எனக்கும் தெரியும். ஆனால் கால் முந்திவிட்டது.

"ஏன் வந்தனீங்கள்?" என்று கேட்டாள். நாங்கள் கதைப்பது நோர்வேஜிய மொழியில். இரண்டு பேருக்குமே அது இரவல் மொழி. நான் அதை எங்கள் தமிழில் தருகிறேன். "எனக்கு ஒண்டுமில்லை. மூச்சு வாங்கத்தான் இருந்தனான்."

அவளை வெளியே எடுத்தார்கள். கடிகாரம் ஓடத் தொடங்கியது, பிறகு நிற்கவே இல்லை, அவளால் திரும்ப உள்ளே போக முடியவில்லை. அந்த ஒரு புள்ளியில் தோற்றோம். பெஞ்சில் என் பக்கத்தில் துவாயைத் தலையில் போட்டுக்கொண்டு இருந்தவள் கடைசியில் சொன்னாள்: "யோகா, கூப்பிடாமல் வராதேங்கோ." நான் மன்னிப்புக் கேட்டேன். அதோடு அந்தப் பாடம் முடிந்தது என்று நினைத்தேன். முடியவில்லை.

எங்களுக்குள் பழக்கம் வந்தது வேறு ஒரு நாளில். கிளினிக் கட்டிலில் அவள் படுத்திருக்க நான் முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் வயிற்றில் கைபேசியை வைத்து, சத்தத்தைக் கூட்டிவிட்டு, தன் அம்மாவோடு கதைத்துக்கொண்டிருந்தாள். அம்மா ட்ராம் ஓட்டி ஓய்வுபெற்றவர். ஊரை விட்டு வரமாட்டேன் என்று அங்கேயே இருந்துவிட்டார். ஒலேனாவுக்குப் பன்னிரண்டு வயதிலிருந்து ஊரில் எந்த ஆட்டம் என்றாலும் மூன்றாவது வரிசையில், கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு இருப்பாராம். முதல் வரிசையில் இருந்தால் நடுவரைத் திட்டிவிடுவேன் என்ற பயத்தில் மூன்றாவது வரிசை. அன்றைக்கு அவர்கள் சிரித்துக் கதைத்துக்கொண்டிருந்தபோது கைபேசிக்குள் சைரன் கேட்டது.

அடுத்து எனக்குத் தெரிந்தது, நான் தரையில் குந்தியிருக்கிறேன், தலை கட்டிலுக்குக் கீழே. யாழ்ப்பாணத்தில் பொம்பர் விமானச் சத்தம் கேட்டு பங்கர் குழிக்குள் ஓடி எத்தனையோ வருடமாகிறது. உடம்புக்கு வருடக் கணக்குத் தெரியாது. ஒலேனா மேலிருந்து எட்டிப் பார்த்தாள். "அது தூரத்திலை. அம்மா யன்னல் இல்லாத வீட்டு நடைக்குள்ளை போயிருப்பா" என்றாள். பிறகு, "நீங்கள் எந்த நாடு எண்டு நான் இதுவரை கேக்கேல்லை" என்றாள்.

அன்றைக்குத்தான் என் அம்மாவைப் பற்றி அவளுக்குச் சொன்னேன். நான் இங்கே வந்த பிறகு ஒவ்வொரு தொலைபேசி அழைப்பிலும் அம்மா ஒன்றையே சொல்வார்: "இப்ப வராதை பிள்ளை. நிலைமை கொஞ்சம் சரிவரட்டும்." எங்கள் ஆட்களில் இதைக் கேட்காதவர், இதைச் சொல்லாதவர் யார்? நான் சொல்வழி கேட்கிற பிள்ளை. போகவில்லை. கடைசியில் நான் போனபோது வீட்டில் அம்மாவின் படம்தான் இருந்தது. ஒலேனா என் கையைப் பிடித்துக்கொண்டாள். பிசியோவின் கையை நோயாளி பிடித்தது எனக்கு அதுதான் முதல் தடவை.

இரண்டாவது ஆண்டு அவளுக்கு ஊர்க் கிளப்பிலிருந்து அழைப்பு வந்தது. பதினேழு வயதில் அவளை எடுத்த அதே கிளப். போரால் நாட்டின் மேற்கே இடம்பெயர்ந்து அங்கே விளையாடிக்கொண்டிருந்தார்கள். அனுபவமுள்ள ஒருத்தி ஒரு பருவத்துக்கு வேண்டும். ஒலேனா ஹாலுக்குள் ஓடிவந்து என்னைத் தூக்கிச் சுற்றினாள். எனக்கு இருக்கிற எடைக்கு அதுவே முழங்காலுக்கு நல்ல பரிசோதனை.

"அம்மா பன்னிரண்டு மணித்தியாலம் ரயில்ல வருவாவாம்" என்றாள். "மூண்டாம் வரிசையைச் சொல்லி வைக்கட்டாம்."

ஒரு பருவம். சொந்த நாட்டில், சொந்தக் கிளப்பின் சட்டையில், அம்மா பார்க்க விளையாடி முடிப்பது. அவள் கேட்டது அவ்வளவுதான். அதற்கு ஒரு கடிதம் தேவைப்பட்டது. அவர்களுடைய வைத்தியரும் பார்ப்பார். ஆனால் இரண்டு ஆண்டாக அந்த முழங்காலை அறிந்தவள் நான் என்பதால் என்னுடைய கருத்தை எழுத்தில் கேட்டிருந்தார்கள்.

அவளைச் சோதித்தேன். அதை விவரிக்கத் தேவையில்லை, நீங்கள் தினமும் செய்கிற சோதனைகள்தான். ஒற்றைக் காலில் தாவித் தாவி அறையின் மறுமூலைக்குப் போய்த் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். இடதுக்கும் வலதுக்கும் சொல்லும்படி வித்தியாசம் இல்லை. வீக்கம் இல்லை. எல்லாவற்றையும் ஜேர்னலில், அதாவது நோயாளியின் பதிவேட்டில், எழுதினேன். என் முதல் மேலதிகாரி ஒரு நோர்வேஜியர். அதிகம் பேசாத மனிதர். எனக்கு அவர் சொல்லித்தந்தது இதுதான்: "நோயாளி உன் பக்கத்தில் இருந்து வாசிக்கிறார் என்று நினைத்து ஜேர்னலை எழுது." அந்தப் பழக்கத்தில் கை உள்ளதை உள்ளபடி எழுதிவிட்டது.

பிறகு கடிதத்தை எழுத உட்கார்ந்தேன். காதுக்குள் அந்தச் சைரன். என் கையெழுத்தோடு ஒருத்தி அந்தச் சத்தத்துக்குள் போகப் போகிறாள் என்ற நினைப்பு வந்ததும் எனக்கு வேர்த்துவிட்டது. இந்தப் பருவத்தில் தொழில்முறை ஆட்டம் விளையாடுவதை என்னால் பரிந்துரைக்க முடியாது என்று எழுதினேன். ஒரே வரி.

அவளைக் கூப்பிட்டுச் சொன்னேன்: "வெளியாலை நல்லாத்தான் இருக்கு. உள்ளுக்கை இன்னும் ஆறேல்லை. ஒரு வருசம் பொறு, பிறகு பாப்பம்."

"நிச்சயமா?"

"ஓம்."

அவள் கடிதத்தை இரண்டாக மடித்து, நாலாக மடித்து, சட்டைப்பைக்குள் வைத்தாள். "எனக்கு நல்லா இருக்கிற மாதிரித்தான் இருந்தது" என்றாள். "ஆனால் நீங்கள் சொன்னால் சரி." அந்தக் கிளப் இருபத்திரண்டு வயதுப் பிள்ளை ஒருத்தியை எடுத்துக்கொண்டது. பொய் சொல்லமாட்டேன், அந்தக் குளிர்காலம் முழுக்க எனக்குப் பெருமையாக இருந்தது. செவ்வாய்க்கிழமைகளில் அவள் ஹொல்ம்லியா ஹாலுக்குள் உயிரோடு, கைகாலோடு ஓடித் திரிவதைப் பார்த்து, ஒருத்தியைக் காப்பாற்றிவிட்டேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஆனால் ஒன்றை மறந்துவிட்டேன். அவள் மொழி வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்தாள். கெட்டிக்காரி. அடுத்த வசந்தத்தில் அவளுடைய நோர்வேஜிய மொழி என்னுடையதைத் தாண்டப் பார்த்தது. இந்த நாட்டில் நோயாளி தன் ஜேர்னலைத் தானே கேட்டு வாசிக்கலாம். வாசிப்புப் பயிற்சிக்கு நல்லது, முழங்கால் சொல்லெல்லாம் ஏற்கெனவே தெரியும்தானே என்று அவள் கேட்டு எடுத்திருக்கிறாள்.

ஒரு செவ்வாய்க்கிழமை, பயிற்சி முடிந்து எல்லோரும் போன பிறகு, தாளை என் முன்னால் வைத்தாள்.

"இது நீங்கள் எழுதினதுதானே?"

"ஓம்."

"இது நல்ல முழங்கால். இதை வாசிச்சால் ஆரும் விளையாட விடுவினம்."

"ஓம்."

"அப்ப கடிதம்?"

நான் சைரனைச் சொன்னேன். என் பயத்தைச் சொன்னேன். அவள் முழுக்கக் கேட்டாள். கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

"பயம் எனக்கு விளங்குது" என்றாள். "பயமாக் கிடக்குது, போகாதை எண்டு சொல்லியிருக்கலாம். நான் உங்களோடை சண்டை பிடிச்சிருப்பன். சண்டை பிடிச்சிட்டுப் போயிருப்பன். நீங்கள் முழங்கால் எண்டு சொன்னீங்கள். முழங்காலோடை நான் எப்பிடிச் சண்டை பிடிக்கிறது?"

அதற்குள் அவளுடைய அம்மாவுக்கு இடுப்பு எலும்பு தேய்ந்து, கடைக்கே கம்பூன்றிப் போகிற நிலை. பன்னிரண்டு மணித்தியால ரயில் பயணம் இனி இல்லை. முப்பத்தேழு வயதுக்காரியை அந்தக் கிளப்பும் இனித் தேடாது. என் அம்மா எனக்குச் சொன்னதை, அது எனக்கு என்ன செய்தது என்று நன்றாகத் தெரிந்த நான், அப்படியே இன்னொருத்திக்குச் செய்திருக்கிறேன். அம்மாவாவது நிலைமை என்று நேரே சொன்னார். நான் மருத்துவம் என்று சொன்னேன்.

மறுநாள் கிளினிக் தலைவியிடம் போய் நடந்ததைச் சொன்னேன். கடிதத்தின் முடிவுக்குச் சோதனையில் ஆதாரம் இல்லை என்று ஜேர்னலில் என் பெயரோடு எழுதிவைத்தேன். தெரிந்தவர்கள் ஆறுதல் சொன்னார்கள்: "நீ செய்தது நல்லதுதான், அங்கை போய் அவளுக்கு ஏதும் நடந்திருந்தால்?" அந்த ஆறுதலை நான் எடுத்துக்கொள்ளவில்லை. ஏனென்றால் அந்தக் கிளப்பின் ஆட்டங்களை நான் ஒவ்வொரு வாரமும் இணையத்தில் தேடிப் பார்த்தேன். பருவம் முழுக்க விளையாடினார்கள். எல்லோரும் சுகமாக இருந்தார்கள். சில ஆட்டங்களில் படம் எடுக்கிறவர் கமராவைப் பார்வையாளர் பக்கம் திருப்பும்போது, மூன்றாவது வரிசையை என் கண் தானாகத் தேடும்.

நான் ஓய்வுபெற்றேன். கிளப்பையும் விட்டேன். துளசி வந்தாள். ஒலேனாவை மாதக்கணக்காகக் காணவில்லை. ஒருநாள் குறொன்லாண்ட் கடைத்தெருவில் முருங்கைக்காய்க் கட்டோடு கடையை விட்டு வெளியே வருகிறேன், வாசலில் கொத்தமல்லியை மணந்து பார்த்துக்கொண்டு நிற்கிறாள். எனக்கு ஓடி ஒளிக்க வேண்டும் போல் இருந்தது. முருங்கைக்காயோடு எங்கே ஒளிக்கிறது?

"சனிக்கிழமை மத்தியானம் என்ரை கடைசி ஆட்டம்" என்றாள், நேற்றுத்தான் கதைத்துவிட்டுப் போனவள் போல. "அம்மாவுக்குப் போனிலை காட்டவேணும். மூண்டாம் வரிசையிலை ஒராள் பிடிச்சுக்கொண்டு இருக்கவேணும்."

"கிளப்பிலை ஆக்கள் இருக்கினமே?"

"அவையின்ரை கை ஆடும். உங்கடை கை ஆடாது." கொத்தமல்லியைப் பைக்குள் வைத்தாள். "உள்ளுக்கை மட்டும் ஓடி வராதேங்கோ."

சனிக்கிழமை ஒரு மணித்தியாலம் முந்திப் போய் மூன்றாவது வரிசையில் இருந்தேன். கைபேசித் திரையில் அவளுடைய அம்மா தன் குசினி மேசையில் இருந்தார். தலைமயிர் சீவி, நல்ல கோட்டுப் போட்டு, மடியில் கைப்பை. தன் வீட்டுக் குசினிக்குள் இருந்து ஆட்டம் பார்க்க அந்த மனுசி கைப்பையோடு வந்து உட்கார்ந்திருந்தார். ஆட்டம் தொடங்கி ஐந்து நிமிடத்தில் நடுவரைத் திட்டத் தொடங்கினார். மொழி தெரியாவிட்டாலும் திட்டு விளங்கும். நான் சத்தத்தைக் குறைத்தேன்.

என் அம்மா நான் வேலை செய்வதை ஒருநாளும் பார்த்ததில்லை. அன்றைக்கு அங்கே இருந்து அதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரு தடவை, கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்றாவது பார்த்திருக்கலாம்.

முடிய மூன்று நிமிடம் இருக்கும்போது திரையில் அம்மாவின் முகம் அப்படியே நின்றது. பிறகு திரை கறுத்தது. நான் ஒரு விரலால் திரும்பத் திரும்ப அழைத்தேன். எடுபடவில்லை. அங்கே அடிக்கடி மின்சாரம் நிற்கும் என்று ஒலேனா முன்பே சொல்லியிருந்தாள்.

அதே நேரம் அவள் விழுந்தாள். இடது முழங்கால் கீழே. நான் பாதி எழும்பிவிட்டேன். பெஞ்சடியில் துளசி எல்லைக்கோட்டுக்கு வெளியே, பையைக் கையில் வைத்துக்கொண்டு, நடுவரைப் பார்த்தபடி நின்றாள். ஓடவில்லை. ஒலேனா தரையில் இருந்தபடியே அவளுக்கு உள்ளங்கையைக் காட்டினாள்: வேண்டாம். நானும் திரும்ப உட்கார்ந்தேன். ஒலேனா மெல்ல எழும்பி, முதலில் பார்த்தது மூன்றாவது வரிசையைத்தான். நான் கறுத்த கைபேசியை உயர்த்திப் பிடித்தேன். அவளுக்குத் தெரிவது அதன் முதுகுதானே.

கடைசி விநாடியில் தூரத்திலிருந்து ஒரு பந்தை எறிந்தாள். கூடைக்குள் விழுந்தது. அப்படியும் தோற்றோம், ஆனால் ஹால் முழுக்க எழும்பி நின்று கை தட்டியது. அவள் வேர்க்க வேர்க்க, ஒரு காலை இழுத்துக்கொண்டு, படியேறி என்னிடம் வந்தாள்.

"அம்மா பாத்தவவோ?"

ஓம் என்று சொல்ல எவ்வளவு நேரம் செல்லும்? நாக்கின் நுனியில் அது இருந்தது. அவளுக்கு அதைவிட நல்ல பரிசு வேறு இல்லை, யாருக்கும் தெரியவும் போவதில்லை.

"கடைசி மூண்டு நிமிசம் பாக்கேல்லை" என்றேன். "கரண்ட் போட்டுது. நீ விழுந்ததைப் பாக்கேல்லை. கடைசிப் பந்தையும் பாக்கேல்லை."

"நிச்சயமா?"

"ஓம்."

அவள் என் பக்கத்துக் கதிரையில் இருந்தாள். கொஞ்ச நேரம் முகத்தைத் துவாயால் மூடிக்கொண்டாள். பிறகு இடது காலைத் தூக்கி முன்வரிசைக் கதிரையில் போட்டு, "இதைப் பாருங்கோ" என்றாள். முழங்காலில் கை வைத்துப் பார்த்தேன். "வீங்கத் தொடங்குது. பெரிசா ஒண்டுமில்லை எண்டுதான் நினைக்கிறன். திங்கட்கிழமை துளசி வடிவாப் பாக்கட்டும்" என்றேன். "சரி" என்றாள். ஹால் காலியாகியது. பந்துகளைக் கூட்டி அடுக்கினார்கள். நாங்கள் இரண்டு பேரும் இன்னொரு நாட்டில் மின்சாரம் வரும்வரை காத்துக்கொண்டு இருந்தோம்.

கைபேசி ஒளிர்ந்தது. அம்மா, கைப்பையோடு. அவர் ஏதோ பதறிக் கேட்க, ஒலேனா அந்த மூன்று நிமிடத்தையும் சொல்லத் தொடங்கினாள். எனக்கு ஒரு சொல் விளங்கவில்லை, ஆனால் எங்கே விழுந்தாள், எங்கே எழும்பினாள் என்று எல்லாம் விளங்கியது. கடைசிப் பந்து வந்ததும் கதிரையைப் பிடித்து எழும்பி, நல்ல காலில் நின்று, ஆளில்லாத ஹாலுக்குள் வெறும் கையால் எறிந்தாள். அங்கே குசினிக்குள் அம்மா கைப்பையை விட்டுவிட்டு இரண்டு கையையும் தூக்கிக் கத்தினார்.

நான் கைபேசியைப் பிடித்துக்கொண்டிருந்தேன். என் கை ஆடிக்கொண்டே இருந்தது. அவள் அதைக் கண்டாள்.